கடைசியில ஒரு வார்த்தை சொல்லிரு

மைக்கைக் கையில் வாங்கும்போதே உலகம்மைக்குத் தெரிந்துவிட்டது, இன்றைக்கு வாய் ஒரு பக்கம் போகும், மனசு ஒரு பக்கம் போகும் என்று. வாயைப் பற்றி அவளுக்குக் கவலையில்லை. மதுரை, சென்னை, கோவை என்று நாற்பத்திரண்டு தடவை இதே ஒரு மணி நேரத்தைப் பேசிப் பேசித் தேய்ந்த வாய், ஆள் கூட இல்லாவிட்டாலும் அது பாட்டுக்குப் பேசிக்கொண்டிருக்கும். "எல்லாரும் சௌக்கியமா இருக்கியளா? நான் இல்ல. அதப் பாக்கத்தான டிக்கெட் எடுத்து வந்திருக்கிய?" என்று அது ஆரம்பித்தது, கூட்டம் சிரித்தது, பின்வரிசையில் யாரோ விசிலடித்தார்கள். மனசு மட்டும் பத்து நிமிஷத்துக்கு முந்தி மணமகள் அறையில் நின்ற இடத்திலேயே நின்றது. பாளையங்கோட்டையில் ஒற்றைப் பொம்பளையாக நின்று சிரிப்புக் காட்டுகிறவளுக்குக் கிடைப்பது கல்யாண மண்டபத்து மாடிதான். வேஷம் கட்டிக்கொள்ளக் கிடைப்பது மணமகள் அறைதான். கண்ணாடி முழுக்க யார் யாரோ ஒட்டிவிட்டுப் போன ஸ்டிக்கர் பொட்டு. அதற்கு நடுவில் தன் முகத்தைத் தேடிக் கண்டுபிடித்து மை தீட்டிக்கொண்டிருந்தபோதுதான் காந்திமதி உள்ளே வந்தாள். கூடப் பிறந்த தங்கச்சி, ஏழு வயசு இளையவள். அரக்குப் பட்டுடுத்தி, தலை நிறையப் பூ வைத்து, கதவைச் சாத்திவிட்டு வந்தாள். அவள் கதவைச் சாத்தியபோதே உலகம்மை திரும்பியிருக்க வேண்டும்.

"அக்கா, அவிய வந்துட்டாவ. அவியளும் அவிய அம்மாவும். மொத வரிசையில உக்கார வச்சிருக்கேன்" என்றாள். அவிய என்றால் ஆவுடையப்பன், அம்பாசமுத்திரத்தில் கணக்கு வாத்தியார், அடுத்த மாசம் காந்திக்குப் பூ வைத்து நிச்சயம் பண்ண வருகிறவர். வரட்டுமே, நல்லதுதானே என்று உலகம்மை சந்தோஷப்பட்டாள். பைத்தியம்! உண்மையிலேயே சந்தோஷப்பட்டாள். தங்கச்சி எதையும் மறைக்கவில்லை, மேடைக்கே கூட்டிக்கொண்டு வந்துவிட்டாள் என்று அவளுக்கு நெஞ்சு நிறைந்துபோனது. "நான் அவியகிட்ட என்ன சொல்லி வச்சிருக்கம்னா" என்று காந்தி இழுத்தாள். "அக்கா ஆர்ட்டிஸ்டு, கதை எழுதி நடிக்கா, அந்தச் சீக்குக்காரிங்கறது ஒரு வேசம், எல்லாம் கற்பனைன்னு சொல்லிருக்கேன். அத்தையும் அப்படியான்னு சிரிச்சுக்கிட்டாவ. நீ ஒண்ணும் மாத்த வேண்டாம், எப்பவும் போலப் பண்ணு. முடிச்சிட்டு கடைசியில ஒரு வார்த்தை சொல்லிரு, இதெல்லாம் கற்பனைன்னு. ஒரு வார்த்தைதானக்கா." உலகம்மை பைக்குள் கையை விட்டு நீல ஃபைலைத் தேடினாள். அவளுடைய காட்சி எப்போதும் அந்த ஃபைலில்தான் தொடங்கும். முன்வரிசையில் ஒருவர் கையில் கொடுத்து ஆசுபத்திரிச் சீட்டை உரக்க வாசிக்கச் சொல்வாள், பேர், வயசு, பைபோலார், இருபத்தொரு நாள் உள்நோயாளி, எல்லாம். பையில் ஃபைல் இல்லை. "எங்கிட்ட பத்திரமா இருக்குக்கா" என்று சொல்லிவிட்டு காந்தி பூவைச் சரிசெய்துகொண்டு போய்விட்டாள்.

இதோ முதல் வரிசையில் உட்கார்ந்திருக்கிறாள். மடியில் ஒரு பழுப்புத் தோல்பை, அதன் வாயில் நீல மூலை நீட்டிக்கொண்டிருக்கிறது. சரியாக மறைக்கக்கூடத் தெரியவில்லை. வாய் இந்நேரம் மஞ்சள்காமாலைக்கு வந்துவிட்டது. "எனக்கு வந்தது மனசுச் சீக்கு. எங்க அம்மா ஊர் பூராம் சொன்னது மஞ்சக்காமாலை. ஊர் சும்மா இருக்குமா? ஆளாளுக்குக் கீழாநெல்லிய அரைச்சுக்கிட்டு வந்துட்டாவ!" கூட்டம் கொள்ளென்று சிரித்தது. அது நடந்த கதைதான், அட்சரம் பிசகாமல் நடந்தது. ஆசுபத்திரியில் இருந்து வந்த பிறகு மூணு மாசம், இல்லாத காமாலைக்குப் பத்தியம். எண்ணெய் கிடையாது, உப்பு கிடையாது, அடுத்த வீட்டுக்காரி பார்த்துவிடுவாள் என்று ஒரு அப்பளம் கிடையாது. விடிந்தால் வெறும் வயிற்றில் மோரில் கலக்கிய கீழாநெல்லி, கொண்டுவந்தவர்கள் குடித்து முடிக்கிறவரை நகர மாட்டார்கள். அப்போது காந்திதான் ராத்திரி விளக்கணைந்த பிறகு முந்தானைக்குள் ஒளித்து முறுக்கு கொண்டுவந்து கொடுப்பாள். ரெண்டு பேரும் போர்வைக்குள் சத்தம் வராமல் கடித்துத் தின்றார்கள். அந்த முறுக்கைத் தின்றுகொண்டேதான் உலகம்மை ஒரு ராத்திரி முதல் முதலாகச் சிரித்தாள், எத்தனையோ மாசத்துக்குப் பிறகு. இந்த நிகழ்ச்சியே அந்தப் போர்வைக்குள் பிறந்தது என்று சொல்ல வேண்டும். எழுதுகிற ஒவ்வொன்றையும் முதலில் காந்திக்குத்தான் சொல்லிக் காட்டுவாள். காந்தி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தால் பரவாயில்லை, வைத்துக்கொள்ளலாம். சத்தமே இல்லாமல் தலையைக் குனிந்து தோள் குலுங்கினால் அது நிச்சயம் மேடைக்குப் போகும். காந்தி "ம்" சொல்லாத ஒரு வரி இந்த ஒரு மணி நேரத்தில் இல்லை. அந்த ம் சொன்ன தொண்டைதான் இப்போது கற்பனை என்கிறது. என்ன தொண்டையோ.

கோபப்படவும் முடியவில்லை, அதுதான் கோபமாக வந்தது. காந்திக்கு இருபத்தொன்பது முடிந்துவிட்டது. அம்மா கண்ணை மூடி ரெண்டு வருஷம் ஆகிறது. நாலு இடம் வந்தது, நாலும் நல்ல இடம். விசாரிக்க என்று ஒருத்தர் வருவார், தெருமுனைக் கடையில் ஒரு டீ குடிப்பார், "அந்த வீட்டு மூத்த பிள்ளைக்குக் கொஞ்சம்" என்று யாராவது நெற்றிப்பொட்டுக்குப் பக்கத்தில் விரலை ஒரு சுற்றுச் சுற்றுவார்கள், டீ குடித்தவர் பஸ் ஏறிவிடுவார். ஒரு விரலின் ஒரு சுற்று. அதற்கப்புறம் போனை எடுக்க மாட்டார்கள். நாலாவது இடம் போனபோது காந்தி அழவில்லை, வாசலில் கோலப்பொடி டப்பாவை விட்டெறிந்தாள். இதெல்லாம் உலகம்மைக்குத் தெரியும், தெரியாமல் இல்லை. ஆனாலும் காந்தி கெட்டிக்காரிதான். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறவர்களைப் பார்த்திருக்கிறோம். இவள் பூசணிக்காயை மேடையில் ஏற்றி, விளக்குப் போட்டு, மைக் கொடுத்து, டிக்கெட் வைத்து எல்லாரும் பார்க்க மறைத்துவிட்டாள். ஊர் விரலைச் சுற்றினால் இனி என்ன? அது அக்கா போடுகிற வேஷம். இந்த மேடைதான் உலகம்மை எட்டு வருஷம் யாருக்கும் பயப்படாமல் நடக்கப் பழகிய வழி. மறைக்க ஒன்றுமில்லை என்றால் பயப்பட ஒன்றுமில்லை என்று அந்த வழியைக் கட்டினாள். அதையே காந்தி எடுத்து மூடியாகப் போட்டுவிட்டாள். நம்ப வைத்துக் கழுத்தறுப்பது என்பார்களே, இவள் கழுத்தை அறுத்துவிட்டு அதில் பூமாலையும் போட்டுவிட்டாள். வாய் வார்டுக்குள் போயிருந்தது. "பக்கத்துக் கட்டில்காரி கேட்டா, நீ எதுக்கு வந்திருக்கேன்னு. மஞ்சக்காமாலைன்னேன். அவ சொன்னா, எனக்கும் அதான். எதிர்த்த கட்டில்ல இருந்து ஒரு ஆச்சி எந்திரிச்சு, எனக்குந்தான் தாயின்னா. டாக்டரு வந்து பாத்தா வார்டே காமாலை!" ஆவுடையப்பனின் அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். நல்ல பொம்பளை, வெள்ளந்தியான சிரிப்பு. காந்தியின் முழங்காலில் தட்டித் தட்டிச் சிரித்தாள். காந்தியும் சிரித்தாள், வாயைப் பொத்திக்கொண்டு.

அடுத்தது பஸ் ஸ்டாண்டு. இதுதான் நிகழ்ச்சியின் உச்சம், இதற்காகவே ரெண்டாம் தடவை வருகிறவர்கள் உண்டு. மேடையில் நாற்காலியைப் போட்டு ஏறி நின்றாள். கூட்டத்தை நாலாகப் பிரித்தாள், இந்தப் பக்கம் தூத்துக்குடி ரோடு, அந்தப் பக்கம் திருச்செந்தூர் ரோடு, நீங்க மினிபஸ், நீங்க லாரி. சீக்கு உச்சியில் இருந்த அந்த வைகாசி மத்தியானம் உலகம்மை பஸ் ஸ்டாண்டு முன்னால் நாற்சந்தியில் ஒரு பழக்கூடையைக் கவிழ்த்துப் போட்டு ஏறி நின்று ஒண்ணரை மணி நேரம் போக்குவரத்தை நடத்தினாள். வண்டியெல்லாம் அவள் காட்டின பக்கம் போயின. ஒரு டிரைவர் கும்பிட்டுவிட்டுப் போனார். ஒரு ஹார்ன் சத்தம் கிடையாது, ஒரு உரசல் கிடையாது. காந்தி பக்கத்திலேயே நின்று வெயிலுக்குக் குடை பிடித்தாள். "அக்கா, வா வீட்டுக்குப் போவோம்னு நான் கூப்பிடலை, கூப்பிட்டா நீ எறங்க மாட்டே. கையி வலிக்க வலிக்கக் குடைய மட்டும் பிடிச்சுக்கிட்டு நின்னேன்" என்று காந்தி சொல்லியிருக்கிறாள். காந்தி சொல்லியிருக்கிறாள். வாய் தூத்துக்குடி ரோட்டை நிறுத்திவிட்டு லாரியை விட்டது, லாரிக்காரர்கள் ஹார்ன் அடித்தார்கள், உலகம்மையின் மனசு அந்த இடத்தில் இடறி நின்றுவிட்டது. காந்தி சொல்லியிருக்கிறாள். அவளுக்கு ஞாபகம் கிடையாதே! ஆசுபத்திரியில் வைத்தியம் என்று தலையில் எட்டுத் தடவை கரண்டு வைத்தார்கள், அதில் முன்னும் பின்னுமாக ஒரு மாசம் துடைத்துக்கொண்டு போய்விட்டது. கூடை ஞாபகமில்லை, வெயில் ஞாபகமில்லை, கும்பிட்ட டிரைவர் ஞாபகமில்லை. எல்லாம் போர்வைக்குள் காந்தி சொன்னது. நடந்ததை மட்டும்தான் மேடையில் சொல்வேன் என்று பத்திரிகைக்காரர்களிடம் நெஞ்சை நிமிர்த்திச் சொல்லியிருக்கிறாள். நடந்தது என்று அவளுக்கு எப்படித் தெரியும்? காந்திக்குத் தெரியும், அதனால் தெரியும். அந்தக் காந்தி இன்றைக்குக் கற்பனை என்கிறாள். வாத்தியாரின் அம்மாவிடம் பொய் சொல்லத் தெரிந்தவளுக்கு, சோர்ந்து கிடந்த அக்காவைச் சிரிக்க வைக்க ஒரு பொய் சொல்லத் தெரியாதா? ஒண்ணரை மணி நேரமா? வண்டியெல்லாம் கேட்டதா? யோசித்துப் பார்த்தால் எந்த ஊரில் நடக்கும் இது. ஒருவேளை கூடையே இல்லையோ. ஒருவேளை சாலையோரம் எங்கோ உட்கார்ந்து தானாகப் பேசிக்கொண்டிருந்தவளை ரெண்டு பேர் அமுக்கி ஆட்டோவில் போட்டிருப்பார்களோ. அதைச் சொல்ல மனசு வராமல் இந்த மகுடத்தைச் செய்து தலையில் வைத்தாளோ. அதைத்தான் ஊர் ஊராகப் போட்டுக்கொண்டு திரிந்தோமோ.

பயம் வந்தது. இது அவளுக்குப் பழக்கமான பயம், இதன் நடையே தெரியும். முதலில் உள்ளங்கை குளிரும், பிறகு சத்தமெல்லாம் ஒரு சுவருக்கு அந்தப் பக்கம் போய்விடும். போனது. கூட்டம் வாயைத் திறந்து திறந்து சிரிப்பது தெரிந்தது, சத்தம் வரவில்லை. நாற்காலியில் நிற்கிறோம், இறங்க வேண்டும், இடது காலை முதலில் வை, என்று தனக்குத் தானே சொல்லி இறங்கினாள். குடை என்ன நிறம் என்று கேட்டதே இல்லையே என்று தோன்றியது. கறுப்பா, பூப்போட்டதா? இத்தனை வருஷத்தில் எல்லாம் கேட்டோம், அதைக் கேட்கவில்லை. நேராக முதல் வரிசைக்குப் போய் மைக்கைக் காந்தியின் வாய்க்குப் பக்கத்தில் நீட்டி, குடை என்னட்டி நிறம் என்று கேட்டால் என்ன. பதில் சொல்லக் கொஞ்சம் தடுமாறினாலும் போதும், தெரிந்துவிடும். ஆனால் வாத்தியாரின் அம்மாவும் தெரிந்துகொள்வாளே. அக்காளைச் சந்தேகம் பிடித்தவள் என்பார்கள், சந்தேகப்படுவதுகூடச் சீக்கின் கணக்கில்தானே போய்ச் சேரும். சீக்குக்காரிக்கு யாரும் துரோகம் செய்ய முடியாது. செய்தார்கள் என்று அவள் சொன்னால், மாத்திரை ஒழுங்காப் போடுதியா என்பார்கள்.

ஏழரை ஆகிவிட்டது. நிகழ்ச்சிக்குப் பேரே 'ஏழரை'தான், ஏனென்றால் அவள் மாத்திரை போடுகிற நேரம் அது, முடிகிற நேரமும் அது. டப்பாவைத் திறந்து வெள்ளையில் ரெண்டு, ரோஸ் நிறத்தில் ஒன்று, உள்ளங்கையில் வைத்துக் கூட்டத்துக்குக் காட்டினாள். இந்த இடத்தில் எப்போதும் முதலில் சிரிப்பார்கள், அவள் தண்ணீரை ஊற்றி நிஜமாகவே விழுங்கியதும் அமைதியாகிவிடுவார்கள். விழுங்கினாள். அமைதியானார்கள். அந்த அமைதியில் முதல் வரிசையைப் பார்த்தாள். காந்தியின் உதடு அசைந்துகொண்டிருந்தது, சாமி கும்பிடுகிறவள் மாதிரி. வார்டுத் தரையில் இருபத்தொரு ராத்திரி பாய்கூட இல்லாமல் படுத்தவள். அக்காளுக்கு நினைவு வந்து அம்மா எங்கே என்று கேட்டால் பதில் சொல்ல ஆள் வேண்டுமே என்று தூங்காமல் கிடந்தவள். காலேஜில் கடைசிப் பரீட்சையை அதனால் எழுதாமல் விட்டவள். இதெல்லாமும் அவள் சொல்லித்தானே தெரியும் என்று மனசு ஒரு கொத்துக் கொத்தியது. சே, என்று அதை அடக்கினாள். அந்தப் பரீட்சைக்கு ஆப்சென்ட் என்று போட்ட மார்க் ஷீட் வீட்டு அலமாரியில் இருக்கிறது. ஒரு வார்த்தைதானே. போகட்டும், எடுத்துக்கொள்ளட்டும். "கடைசியா ஒரு வார்த்தை" என்றாள் உலகம்மை. நாற்பத்திரண்டு தடவையில் இல்லாத வரி, வாய்க்குத் தெரியாத வரி, மனசே வந்து சொல்ல வேண்டியிருந்தது. "இதெல்லாம் கற்பனை."

கை தட்டினார்கள். அப்படி ஒரு கைதட்டலை அவள் கேட்டதே இல்லை. எழுந்து நின்று தட்டினார்கள். எல்லா முகத்திலும் ஒரு இறுக்கம் அவிழ்ந்தது, காலுக்கடியில் கிடந்தது பாம்பில்லை, கயிறுதான் என்று தெரிந்தவர்களின் முகம். இத்தனை காலமும் இந்த ஒரு வார்த்தைக்குத்தான் எல்லாரும் காத்திருந்தார்களா என்று அவளுக்கு அவமானமாக இருந்தது. வாத்தியாரின் அம்மா காந்தியின் கன்னத்தை வழித்து நெட்டி முறித்தாள். காந்தி அக்காளைப் பார்த்துக் கும்பிட்டாள், கண் நிறைந்திருந்தது. சந்தோஷமாக இரு என்று உலகம்மை மனசார நினைத்தாள். அதே சமயம், நீ எனக்கு இதைச் செய்திருக்க வேண்டாம் என்றும் நினைத்தாள். ரெண்டும் உண்மையாகத்தான் இருந்தது.

செருப்பைத் தேடுகிற கூட்டத்தை விலக்கிக்கொண்டு வெள்ளைச் சட்டைக்காரர் ஒருத்தர் மேடைக்குப் பக்கத்தில் வந்தார், மனைவியைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு. "நாங்க கோவில்பட்டிம்மா. இவளுக்காகத்தான் இம்புட்டுத் தூரம் வந்தது. இவளும் ரெண்டு வருசமா இதே மாத்திரைதான் முழுங்குதா. நீங்களும் அப்படித்தான்னு நெனச்சு எங்களுக்கு ஒரே வெசனம். நல்லவேளை, நீங்களே வாயத் தொறந்து சொல்லிட்டிய." அவர் முகம் மலர்ந்திருந்தது, மனைவியின் பக்கம் திரும்பி, "பாத்தியாட்டி? அவியளுக்கு ஒண்ணும் இல்ல, எல்லாம் நாமளா நெனச்சுக்கிடுததுதான். நாளையில இருந்து அந்தச் சனியன நிறுத்திப்புடு" என்றார். அதில் ஒரு சொட்டு விஷம் கிடையாது, பிரியமாகத்தான் சொன்னார். அந்தப் பெண் உலகம்மையை நிமிர்ந்து பார்த்தாள். கேள்வி கேட்கிற பார்வை இல்லை. ஒரு மணி நேரம் ஒரு கையை நம்பிப் பிடித்துக்கொண்டு நடந்து, பாதி ஆற்றில் அந்தக் கை விடுபட்ட பார்வை. நிகழ்ச்சிக்கு முன்னால் மணமகள் அறையில் காந்தியைத் தான் எப்படிப் பார்த்தோம் என்பது உலகம்மைக்கு அப்போதுதான் தெரிந்தது.

மைக் கையிலேயே இருந்தது, இன்னும் அணைக்கவில்லை. "ஒரு நிமிசம், எல்லாரும் நில்லுங்க" என்றாள். படியில் இறங்கியவர்கள் திரும்பினார்கள். "கடைசியாச் சொன்னம்லா, அது ஒண்ணுதான் பொய். மத்ததெல்லாம் நடந்தது. எனக்குச் சீக்கு இருக்கு. இப்ப முழுங்கினது நெசமான மாத்திரை, நாளைக்கும் முழுங்குவேன். யக்கா, நீங்களும் நிறுத்தாதீய. டாக்டரக் கேக்காம நிறுத்தாதீய." கூட்டத்தில் பாதிப் பேர் பழக்கதோஷத்தில் சிரித்தார்கள். மிச்சப் பேர் சிரிக்கவில்லை. கோவில்பட்டிக்காரி புருஷன் கையில் இருந்து தன் கையை உருவி, இரு கைகளாலும் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். வாத்தியாரின் அம்மா காந்தியை ஒரு தரம் பார்த்தாள், மகனைப் பார்த்தாள், முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு படியிறங்கினாள். ஆவுடையப்பன் காந்தியின் பக்கம் ஒரு எட்டு வைத்தார், பிறகு அவரும் இறங்கினார்.

காந்தி மேடைக்கு வந்தாள். அழவில்லை. நீல ஃபைலோடு தோல்பையை மேடை விளிம்பில் வைத்தாள். "மைக்க அணை" என்றாள், உலகம்மை அணைத்தாள். "அன்னைக்கு பஸ் ஸ்டாண்டுல நான் குடைய மடக்கிக்கிட்டுப் போயிருக்கணும்க்கா. அந்த வெயில்ல, அந்தக் கூடை மேலேயே உன்னைய விட்டுட்டுப் போயிருக்கணும். தப்புப் பண்ணிட்டேன்." இதைச் சொல்லிவிட்டு அவள் திரும்பிப் பார்க்காமல் படியிறங்கிப் போனாள், பூ உதிர்ந்துகொண்டே போனது. உலகம்மை நாற்காலியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். அப்படியென்றால் கூடை இருந்திருக்கிறது என்று நினைத்தாள். வெயில் இருந்திருக்கிறது. பக்கத்தில் ஆள் நின்றிருக்கிறாள்.